வட்டாரத்தில் தோற்றவர் எப்படிச் சபை உறுப்பினர் ஆனார்? உள்ளூராட்சி சபைகளின் அமைப்பு விதிகள் பற்றிய விவாத இழை

2025 ஜூன் 4, காலை. கேள்வி: வலிகாமத்திலிருந்து ஒரு வாசகர்

எங்கள் வட்டாரத்தில் மூன்றாவதாக வந்தவரின் பெயர் இப்போது பிரதேச சபை உறுப்பினர் பட்டியலில் இருக்கிறது. வென்றவரும் உறுப்பினர், தோற்றவரும் உறுப்பினர். அவருடைய கட்சிக்கு நான் வாக்களிக்கவில்லை, ஊரில் பெரும்பாலானோரும் வாக்களிக்கவில்லை. இது சட்டப்படி சரிதானா? விடயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

2025 ஜூன் 4, இரவு

சட்டப்படி சரி. நியாயப்படி சரியா என்பதைப் பிறகு பார்ப்போம். 2018இல் தெரிவான ஒரு பிரதேச சபையில் நானும் இதே வாசலால் உள்ளே போனவள். வட்டாரத்தில் வென்று வரவில்லை, பட்டியலில் வந்தேன். அதனால் உள்ளே இருந்து பார்த்ததை எழுதுகிறேன்.

2012ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டம் இலங்கையில் கலப்புத் தேர்தல் முறையைக் கொண்டுவந்தது. அதாவது சபையில் ஒரு பகுதியினர் வட்டாரத்தில் வென்று வருவார்கள், மிச்சப்பேர் கட்சி எடுத்த வாக்குக்கு ஏற்பக் கட்சியின் பட்டியலிலிருந்து வருவார்கள். முதலில் வட்டாரத்துக்கு 70 வீதம், பட்டியலுக்கு 30 வீதம் என்று இருந்ததை 2017இல் 60க்கு 40 என மாற்றினார்கள். அந்த முறையில் நடந்த முதல் தேர்தல் 2018 பெப்ரவரி 10. கடந்த மே 6ஆம் திகதி நீங்கள் வாக்களித்ததும் அதே முறையில்தான்.

வேட்புமனுவில் இரண்டு தாள்கள் உண்டு. முதலாவதில் வட்டார வேட்பாளர்கள், இரண்டாவதில் மேலதிகப் பட்டியல். வாக்கெண்ணி முடிந்ததும், கட்சிக்கு இன்னும் எத்தனை ஆசனம் வரவேண்டும் என்று தேர்தல் ஆணைக்குழு அறிவிக்கும். அந்த ஆசனங்களுக்கு யாரை அனுப்புவது என்று கட்சிச் செயலாளர் எழுதிக் கொடுப்பார். மேலதிகப் பட்டியலில் இருக்கிறவரையும் அனுப்பலாம், வட்டாரத்தில் நின்று தோற்றவரையும் அனுப்பலாம். உங்கள் மூன்றாமவர் அப்படித்தான் வந்திருப்பார்.

2025 ஜூன் 5

கணக்கைக் காட்டச் சொல்லி இரண்டு பேர் கேட்டிருக்கிறார்கள். காட்டத்தான் வேண்டும். எங்கள் சபையில் ஒரு தவணை முழுக்க இருந்துவிட்டு, இந்தக் கணக்கைக் கடைசிவரை விளங்கிக்கொள்ளாமலே போன உறுப்பினர்களை எனக்குத் தெரியும்.

கற்பனையாக 20 உறுப்பினர் கொண்ட ஒரு சபையை எடுத்துக்கொள்வோம். வட்டாரம் 12, பட்டியல் 8. செல்லுபடியான வாக்குகள் 10,000. பத்தாயிரத்தை இருபதால் வகுத்தால் ஒரு ஆசனத்துக்கு 500 வாக்கு.

முதலாவது கட்சி 3,600 வாக்கு எடுக்கிறது. அதற்குரியது 7 ஆசனம். இரண்டாவது 3,000, அதற்கு 6. மூன்றாவது 2,000, அதற்கு 4. நான்காவது 1,000, அதற்கு 2. ஒரு சுயேச்சைக் குழு 400. அது 500ஐத் தொடவில்லை. ஆனாலும் இன்னும் ஒரு ஆசனம் மிஞ்சியிருக்கிறது, 500 500ஆகக் கழித்தபின் யாரிடம் கூடுதலான வாக்கு மிச்சமோ அவருக்கு அது போகும். முதலாவது கட்சிக்கு மிச்சம் 100தான், ஆகவே அந்த 1 சுயேச்சைக்குக் கிடைக்கும். கூட்டினால் 20. இதுவரை சிக்கல் இல்லை.

இனி வட்டாரங்களைப் பாருங்கள். முதலாவது கட்சி 12 வட்டாரங்களில் 9ஐ வென்றுவிட்டது. அதற்குரியது 7 மட்டுமே, ஆனால் மக்கள் வெல்லவைத்த இருவரை வீட்டுக்குப் போகச் சொல்ல முடியாது. ஆகவே 9 அப்படியே நிற்கும். இரண்டாவது கட்சி மிச்ச 3 வட்டாரங்களை வென்றது, அதற்கு மேலும் 3 பேர் பட்டியலில் வருவார்கள். மூன்றாவது கட்சி ஒரு வட்டாரமும் வெல்லவில்லை, நால்வரும் பட்டியலில் வருவார்கள். நான்காவதுக்கு இருவர், சுயேச்சைக்கு ஒருவர். எண்ணிப் பாருங்கள்: வட்டாரம் 12, பட்டியல் 10. இருபது பேருக்குக் கட்டிய மண்டபத்தில் இருபத்திரண்டு நாற்காலி போடவேண்டும்.

நாடு முழுவதும் இப்படித்தான் பெருகியது. பழைய விகிதாசார முறையில் 4,486 உறுப்பினர்கள் இருந்தார்கள். 2018இல் அது எண்ணாயிரத்தைத் தாண்டிவிட்டது. அந்த அதிகரிப்பில் பெரும்பகுதி புதிதாகப் பிரித்த வட்டாரங்களாலும் பட்டியலாலும் வந்தது. மேலே நான் காட்டியதைப் போலக் கணக்கால் சேர்ந்த ஆசனங்கள் அதற்கு மேல் வந்தவை.

2025 ஜூன் 5, பின்னிரவு

வாக்குச்சீட்டில் வேட்பாளர் பெயர் இல்லையே, கட்சியின் பெயரும் சின்னமும் மட்டும்தானே இருந்தன என்று ஒருவர் நினைவூட்டியிருக்கிறார். உண்மை. வட்டாரத்துக்கு ஒரு ஆளை நிறுத்தி, அந்த ஆளின் பெயரைச் சீட்டில் போடாமல் விட்டிருக்கிறார்கள். வீடு வீடாக வந்து தன் பெயரைச் சொன்னவரை மட்டும்தான் வாக்காளருக்குத் தெரியும். பட்டியலில் இருப்பவரோ வீட்டுக்கு வரவேண்டியதே இல்லை.

2025 ஜூன் 9

என் அனுபவத்தை எழுதச் சொன்னீர்கள்.

2018 தேர்தலில் சட்டம் முதல் தடவையாக ஒரு பெரிய வேலையைச் செய்தது. 2016ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கத் திருத்தச் சட்டப்படி ஒவ்வொரு சபையிலும் நான்கில் ஒரு பங்கு பெண்கள் இருக்கவேண்டும். அதற்கு முன் நாட்டின் உள்ளூராட்சி உறுப்பினர்களில் பெண்கள் இரண்டு வீதம்கூட இல்லை. ஆனால் வட்டார வேட்பாளர் தாளில் பத்து வீதம் பெண்கள் இருந்தால் போதும், மேலதிகப் பட்டியலில் பாதி இருக்கவேண்டும் என்று விதி வைத்தார்கள். கட்சிகள் என்ன செய்யும்? வெல்லக்கூடிய வட்டாரங்களை ஆண்களுக்குக் கொடுத்துவிட்டுப் பெண்களைப் பட்டியலுக்குள் தள்ளின. என் பெயரும் அப்படித்தான் போனது. கையொப்பம் வாங்க வந்தவர், "பிள்ளை, உனக்கு ஒரு வேலையும் இல்லை, பெயர் மட்டும் போதும்" என்றார். சனசமூக நிலையத்தில் பல ஆண்டு கணக்கு எழுதியவளிடம் சொன்ன வார்த்தை அது.

சபைக்குப் போன தொடக்க நாட்களில் வேலைப்பகுதியிலிருந்து ஒரு படிவம் தந்தார்கள். உறுப்பினர் முன்மொழியும் வீதி, மதகு, தெருவிளக்கு முதலிய வேலைகளை அதில் எழுதவேண்டும். பெயருக்குக் கீழே "வட்டார இலக்கம்" என்று ஒரு கட்டம். நான் என்ன எழுதுவது என்று கேட்டபோது, எழுதுவினைஞர் சிவப்புப் பேனாவால் அந்தக் கட்டத்தில் ஒரு கோடு இழுத்துவிட்டு, "உங்களுக்கு இது பொருந்தாது, அக்கா" என்றார். அவர் மரியாதையாகத்தான் சொன்னார். ஆனால் அதன்பிறகு எல்லாம் அந்தக் கோட்டின்படியே நடந்தது. வட்டார உறுப்பினருக்கு ஒதுக்கிய தொகையில் பாதிதான் பட்டியல் உறுப்பினருக்கு என்று சபையிலேயே தீர்மானித்தார்கள். உறுப்பினர்களுக்குள் அப்படி ஒரு பேதத்தை நான் பார்த்த எந்தச் சட்டப் பிரிவும் சொல்லவில்லை. எழுந்து கேட்டபோது, "நீங்கள் யாருடைய வாக்கில் வந்தீர்கள்?" என்ற கேள்விதான் பதிலாக வந்தது.

அந்தக் கேள்விக்கு எனக்கு அன்றைக்குக் கோபம் வந்தது. இன்றைக்கு அது சரியான கேள்வி என்று நினைக்கிறேன். கேட்டவரின் நோக்கம்தான் பிழை.

2025 ஜூன் 14

நேற்று யாழ்ப்பாணம் மாநகர சபையின் முதல்வராக (மேயராக) மதிவதனி விவேகானந்தராஜா தெரிவாகியிருக்கிறார். சிலர் இங்கே "யாழ்ப்பாணத்துக்கு முதல் பெண் முதல்வர்" என்று எழுதியிருந்தார்கள். அப்படி எழுதாதீர்கள். சரோஜினி யோகேஸ்வரன் 1998இல் அந்த நாற்காலியில் இருந்தார். அந்த ஆண்டு மே 17ஆம் திகதி வீட்டில் வைத்துச் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருக்குப் பின் வந்த பொன். சிவபாலனும் அதே ஆண்டு செப்டெம்பரில் கொல்லப்பட்டார். அன்றைக்கு இருபத்தைந்து வீதச் சட்டம் எதுவும் இல்லை. உயிர் போகும் என்று தெரிந்தும் அந்தப் பெண் அந்தப் பொறுப்பை ஏற்றார். அவர் பெயரை மறந்துவிட்டு இன்றைய வாழ்த்தைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. புதிய முதல்வருக்கு என் வாழ்த்தும் உண்டு.

2025 ஜூன் 17

கொழும்பைப் பாருங்கள். ஜூன் 5ஆம் திகதி நான் எழுதிய கற்பனைக் கணக்கு அங்கே உண்மையாகவே நடந்திருக்கிறது. கொழும்பு மாநகர சபைக்கு 66 வட்டாரங்கள். அறுபதுக்கு நாற்பது என்றால் மொத்தம் 110 உறுப்பினர்கள். இப்போது இருப்பதோ 117 பேர். தேசிய மக்கள் சக்தி ஏறத்தாழ 37 வீத வாக்கு எடுத்தது. விகிதப்படி 41 ஆசனம், ஆனால் வட்டாரங்களில் மட்டும் 48 கிடைத்துவிட்டது. அந்த ஏழுதான் 110ஐ 117 ஆக்கியது. 117 பேரில் 48 பெரும்பான்மையும் அல்ல. நேற்று முதல்வர் தெரிவு இரகசிய வாக்கெடுப்புக்குப் போய் 61க்கு 54 என்று முடிந்தது.

இதில் பெண்கள் விடயத்துக்கு ஒரு படிப்பினை இருக்கிறது. தன் பங்குக்கு மேல் வட்டாரங்களை வென்ற கட்சிக்குப் பட்டியல் ஆசனம் ஒன்றுகூட வராது. வட்டாரத்திலேயே பெண்களை நிறுத்தியிருந்தால் ஒழிய, அந்தக் கட்சியிலிருந்து பெண் வர வழியில்லை. இருபது வீதத்துக்குக் குறைவாக வாக்கெடுத்து மூன்றுக்குக் குறைவான உறுப்பினரைப் பெறும் கட்சிக்கோ பெண்ணை அனுப்பும் கடமையே இல்லை. என் இருபது பேர் சபைக்குத் திரும்பிப் போங்கள். முதலாவது கட்சிக்குப் பட்டியல் இல்லை. நான்காவதுக்கும் சுயேச்சைக்கும் கடமை இல்லை. பெண்களை உறுதியாக எதிர்பார்க்கக்கூடியது நடுவில் நிற்கும் இரண்டு கட்சிகளிடம் மட்டும்தான். 2018இல் பல சபைகள் இருபத்தைந்து வீதத்தைத் தொடாமல் போனதற்கு இது முக்கியமான காரணம்.

2025 ஜூன் 18

"அப்படியானால் பெண்கள் ஒதுக்கீட்டையே எடுத்துவிடலாமே, தகுதி இருந்தால் தாமாக வரட்டும்" என்று எழுதியவருக்கு:

இரண்டு வீதம்கூட இல்லாமல் இருந்த காலத்தில் இந்த நாட்டில் தகுதியான பெண்கள் இல்லையா? ஆசிரியைகள், மருத்துவிச்சிகள், மாதர் சங்கத் தலைவிகள் ஒவ்வொரு ஊரிலும் இருந்தார்கள். வேட்புமனுத் தாள் நிரப்பப்பட்ட அறைக்குள்தான் அவர்களை விடவில்லை. ஒதுக்கீட்டை எடுக்க வேண்டாம். வட்டாரத் தாளில் பத்து வீதத்தை இருபத்தைந்தாக உயர்த்துங்கள்.

2025 ஜூன் 25

சபைகள் ஏன் இவ்வளவு சிதறிப்போகின்றன என்று கிளிநொச்சித் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார். சிறிய கட்சிக்கும் மிச்ச வாக்கில் ஆசனம் கிடைப்பது நல்லதா கெட்டதா என்பது அவருடைய கேள்வி.

யாழ்ப்பாணத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 2018இல் மாநகர சபையின் 45 ஆசனங்கள் தமிழ்த் தேசியக் கூட்டமைப்புக்கு 16, தமிழ்க் காங்கிரசுக்கு 13, ஈழ மக்கள் ஜனநாயகக் கட்சிக்கு (ஈபிடிபி) 10, மிச்சம் மூன்று கட்சிகளுக்கு என்று பிரிந்தன. கூட்டமைப்பின் இம்மானுவேல் ஆனல்ட் முதல்வரானார். 2020 டிசம்பரில் அவருடைய வரவு செலவுத் திட்டம் இரண்டாம் தடவையும் தோற்றது. அப்படித் தோற்றால் பதவி போய்விடும் என்பது விதி. டிசம்பர் 30ஆம் திகதி ஆனல்டை எதிர்த்து நின்ற மணிவண்ணன் 21க்கு 20 என்ற வாக்கில் முதல்வரானார். 2022 இறுதியில் அவர் விலகினார், 2023 ஜனவரியில் ஆனல்ட் திரும்பவும் வந்தார், மார்ச்சில் சபைகளின் காலமே முடிந்தது. வடிகாலும் குப்பையும் சந்தையும் இவர்களுக்காகக் காத்திருந்தன.

ஆனாலும் சிதறலைக் குறை சொல்லி ஒரு கட்சி ஆட்சியைக் கேட்க நான் தயாரில்லை. முப்பத்தாறு வீதம் எடுத்த கட்சிக்கு முழுச் சபையையும் கொடுத்தால் மிச்ச அறுபத்து நான்கு வீதம் எங்கே போவது? ஒருவரோடு ஒருவர் பேசி உடன்பட்டு நடத்தவேண்டிய சபைகளை, பேசாமல் நடத்த நினைப்பதுதான் கோளாறு. எங்கள் சபையில் தவிசாளர் தெரிவில் வாக்குகள் சமமாக வந்து திருவுளச்சீட்டுப் போட்டார்கள். தோற்றவர் அடுத்த கூட்டத்திலிருந்தே குழுவேலைகளில் முழுமனதோடு இருந்தார். அப்படியும் மனிதர்கள் இருக்கிறார்கள்.

2025 ஜூலை 2

இளையோர் ஒதுக்கீடு பற்றிக் கேட்டவருக்குச் சுருக்கமாக. இந்தத் தடவை வேட்புமனுவில் இளையோருக்கும் இருபத்தைந்து வீதம் இருந்தது. பிறப்புச் சான்றிதழின் அத்தாட்சிப்படுத்திய பிரதி இல்லை என்று பல வேட்புமனுக்கள் நிராகரிக்கப்பட்டதும், வழக்குப் போட்டுச் சில திரும்ப ஏற்கப்பட்டதும் எல்லோருக்கும் நினைவிருக்கும். ஆனால் அது வேட்புமனுவுக்கான ஒதுக்கீடு. பெண்களுக்கானது ஆசனத்துக்கான ஒதுக்கீடு. தாளில் பெயர் இருந்த இளைஞர், செயலாளர் அனுப்பாவிட்டால் சபைக்கு வரமாட்டார். மேடையில் இரண்டையும் ஒன்றாகப் பேசுகிறவர்களிடம் இந்த வேறுபாட்டைக் கேளுங்கள்.

2025 ஜூலை 11

இழையைத் திரும்பப் படித்தேன். பட்டியல் முறையே கூடாது, எல்லாம் வட்டாரமாகட்டும் என்ற முடிவுக்கு இங்கே பலர் வந்திருக்கிறீர்கள். நான் எழுதியவையும் அந்தப் பக்கம் தள்ளியிருக்கும். அந்த முடிவுக்கு நான் உடன்படவில்லை. காரணம் ஒரு வெள்ளவாய்க்கால்.

எங்கள் பகுதியில் ஒரு வாய்க்கால் இரண்டு வட்டாரங்களைக் கடந்து வயலுக்குள் இறங்குகிறது. மேல் வட்டார உறுப்பினர் தன் ஒதுக்கீட்டில் தன் எல்லைவரை கொங்கிரீட் போட்டார். அவர் கல் நட்ட இடத்தோடு கட்டு நின்றது. அதற்குக் கீழே பழைய மண் வாய்க்கால், பாதி தூர்ந்துபோய், ஓரத்தில் நாயுருவியும் ஆமணக்கும். அந்தக் கார்த்திகை மழைக்குத் தண்ணீர் முன்னையதைவிட வேகமாக ஓடிவந்து, கட்டு முடிந்த இடத்தில் பொங்கி, கீழ் வட்டாரத்து முன்பள்ளிக்குள் போனது. சுவரில் பிள்ளைகள் வரைந்த படங்களின் கீழ்ப்பாதி கரைந்துபோய், அதற்கு மேலே மண்நிறத்தில் ஒரு நேர்கோடு. மேல் வட்டார உறுப்பினரைக் கேட்டால், "என் எல்லைக்குள் பிரச்சினை இல்லை" என்றார். கீழ் வட்டார உறுப்பினர் அந்த ஆண்டின் பணத்தை ஏற்கெனவே ஒரு ஒழுங்கைக்குக் கொடுத்துவிட்டார்.

வட்டாரம் இல்லாத நாங்கள் நான்கு பட்டியல் பெண்கள், மூன்று வெவ்வேறு கட்சிகள், எங்கள் பாதிப் பாதி ஒதுக்கீடுகளை ஒன்றாகச் சேர்த்தோம். தொழில்நுட்ப உத்தியோகத்தரைக் கூட்டிக்கொண்டு வாய்க்காலின் தலைப்பிலிருந்து வயல்வரை நடந்தோம். இரண்டு வட்டாரத்துக்கும் சேர்த்து ஒரே மதிப்பீடு போட்டுச் சபையில் வைத்தோம். நிறைவேறியது. முன்பள்ளிக்குள் அதன்பிறகு தண்ணீர் போகவில்லை.

ஒருவருக்கு வட்டாரம் இருந்தால் அவருடைய கண் எல்லைக்கல்லோடு நின்றுவிடுகிறது. அதை அவருடைய குற்றம் என்று சொல்லமாட்டேன், அடுத்த தேர்தலில் அவருக்கு வாக்குப் போடுகிறவர்கள் அந்த எல்லைக்குள்தான் இருக்கிறார்கள். இரட்டை அங்கத்தவர் வட்டாரங்கள் சில இருக்கின்றன, அவை இதற்கு ஒரு தீர்வாகுமா என்று ஒருவர் கேட்டார். அங்கே கூடுதல் வாக்கு எடுத்த கட்சியே இரண்டு ஆசனத்தையும் எடுத்துக்கொள்கிறது. எல்லை கொஞ்சம் அகலமாகும், அவ்வளவுதான். முழுப் பிரதேசத்தையும் பார்க்க ஆட்கள் வேண்டும். பட்டியல் இருக்கட்டும். யார் முதலில், யார் இரண்டாவது என்ற வரிசை வாக்களிப்புக்கு முன்பே அச்சாகி, கிராம அலுவலர் அலுவலகச் சுவரில் ஒட்டப்பட்டிருக்க வேண்டும். பெண்ணும் ஆணும் மாறி மாறி வரும் வரிசையாக அது இருந்தால் இன்னும் நல்லது. தேர்தல் முடிந்த இரவில் செயலாளரின் வீட்டு வாசலில் ஆட்கள் போய் நிற்பது அதோடு முடியும். "நீங்கள் யாருடைய வாக்கில் வந்தீர்கள்?" என்று கேட்டால், "பெயரைப் பார்த்துவிட்டே மக்கள் வாக்களித்தார்கள்" என்று பட்டியல் உறுப்பினரும் சொல்லலாம்.

2025 ஜூலை 12

"செயலாளர் நல்லவராக இருந்தால் போதாதா?" நல்லவரையும் பார்த்திருக்கிறேன். அவருக்குத்தான் அதிக சிரமம். ஓர் ஆசனத்துக்கு ஐந்து பேர் கேட்டால் நான்கு பேருக்குப் பகை. எழுதிவைத்த வரிசை அவரையும் காப்பாற்றும்.

2025 ஜூலை 20

செயலாளரின் கை தெரிவோடு நின்றுவிடுவதில்லை. கட்சியிலிருந்து நீக்கப்பட்டால் உறுப்பினர் பதவியும் போய்விடும். வெற்றிடத்தை நிரப்பும் பெயரும் செயலாளரிடமிருந்தே வரும். இடைத்தேர்தல் கிடையாது. இதனால் ஒரு வழக்கம் வளர்ந்திருக்கிறது. ஓர் ஆசனத்தை இரண்டு மூன்று பேருக்குப் பங்குபோட்டு, "இரண்டு வருடம் நீ, மிச்சம் அவர்" என்று முன்கூட்டியே திகதியில்லாத விலகல் கடிதம் வாங்கி வைப்பது. என்னோடு பட்டியலில் வந்த ஒரு தங்கச்சிக்கு அது நடந்தது. கூட்டக் குறிப்பு வாசிக்கப் பழகி, குழுவில் பேசத் தொடங்கிய நேரத்தில் கடிதத்தில் திகதி போடப்பட்டது. அவருக்குப் பதிலாக வந்தவர் வட்டாரத்தில் தோற்ற ஓர் ஆண். சபையில் ஒரு பெண் குறைந்தார். வெற்றிடத்தை நிரப்பும்போதும் பெண்ணுக்குப் பதில் பெண்ணே வரவேண்டும் என்று சட்டத்தில் தெளிவாக எழுதவேண்டும். வரிசை முன்கூட்டியே அச்சானால் இந்தப் பங்குபோடலும் குறையும், அடுத்த பெயர் யாருடையது என்பது ஊருக்கே தெரிந்திருக்கும்.

2025 ஆகஸ்ட் 3

முதலில் கேள்வி கேட்ட வலிகாமத்து வாசகர் திரும்ப எழுதியிருக்கிறார். மூன்றாவதாக வந்த அந்த உறுப்பினரைப் போய்ச் சந்தித்தாராம். ஆள் மோசமில்லை, குப்பை வண்டி வராத ஒழுங்கைகளின் விபரத்தைக் கையால் எழுதி வைத்திருக்கிறார் என்கிறார். மகிழ்ச்சி. அவரை விடாதீர்கள். வட்டார உறுப்பினரிடம் போகிற மாதிரியே அவரிடமும் போங்கள், கடிதமாகக் கொடுங்கள், பிரதி வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த கூட்டத்துக்கு நீங்களும் போகலாம். சபைக் கூட்டம் பொதுமக்கள் உட்கார்ந்து பார்க்கக்கூடியது.

நான் திரும்பவும் நிற்பேனா என்று கேட்டிருந்தீர்கள். கட்சிக்காரர் இந்தத் தடவையும் வந்தார்கள். வட்டாரம் தந்தால் நிற்கிறேன், அதுவும் வாய்க்கால் இறங்குகிற கீழ் வட்டாரம் என்றேன். அதை ஏற்கெனவே ஒருவருக்குச் சொல்லியாகிவிட்டது, பட்டியலில் போடுகிறோம் என்றார்கள். பட்டியலில் எத்தனையாவது என்று எழுதித் தருவீர்களா என்று கேட்டேன். போய் வருகிறோம் என்று சொல்லிப் போனவர்கள் வரவில்லை. அடுத்த தேர்தலுக்கும் அதே இரண்டு கேள்விகளைத்தான் கேட்பேன்.